இரண்டாம் வாரத்துக்குள் வர வேண்டிய முடிவு

பிறவியிலேயே அட்ரினல் சுரப்பி கோளாறோடு பிறக்கும் குழந்தைகளைப் பற்றிய மருத்துவப் பதிவேடுகளில் ஒரு புதிர் உண்டு. பிறந்த எல்லாக் குழந்தைகளுக்கும் ரத்தப் பரிசோதனை செய்யாத நாடுகளில், இந்த நோய் இருப்பதாகக் கண்டறியப்படுவோரில் பெண் குழந்தைகளே அதிகம். ஆண் குழந்தைகள் குறைவு. நோய்க்குக் காரணமான மரபணு பாலினத்தைத் தீர்மானிக்கும் குரோமோசோமில் இல்லை. ஆறாவது குரோமோசோமில் இருக்கிறது. அப்படியென்றால் இரு பாலருக்கும் ஏறத்தாழச் சமமாக வந்தாக வேண்டும். எல்லாக் குழந்தைகளையும் பரிசோதிக்கும் நாடுகளில் எண்ணிக்கை சமநிலையை நெருங்கவும் செய்கிறது. பரிசோதிக்காத நாடுகளில் குறைகிற அந்த ஆண் குழந்தைகள் எங்கே போனார்கள்? அவர்களில் பலர் நோயின் பெயர் தெரியாமலேயே, பிறந்த சில வாரங்களில் இறந்துபோனார்கள் என்பதுதான் மருத்துவ உலகம் வெகுகாலமாகச் சொல்லிவரும் பதில். அவர்களின் மருத்துவக் குறிப்பில் ‘கிருமித்தொற்று’ என்றோ ‘வாந்தி, வயிற்றுப்போக்கு’ என்றோ எழுதப்பட்டிருக்கும். தமிழ்நாட்டில் பிறக்கும் ஒவ்வொரு குழந்தைக்கும், அது எந்த மருத்துவமனையில் பிறந்தாலும், இந்த நோய்க்கான குதிகால் ரத்தப் பரிசோதனை கட்டாயமாக வேண்டும் என்று நான் வாதிடுவதற்கு இதுவே முதல் காரணம்.

நம் இரு சிறுநீரகங்களின் தலைப்பகுதியில், ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஐந்து கிராம் எடையில் அமர்ந்திருப்பவை அட்ரினல் சுரப்பிகள். அவற்றின் உட்பகுதி அட்ரினலினைச் சுரக்கிறது. அச்சத்தில் நெஞ்சு படபடப்பது அதனால்தான். ஆனால் உயிரைத் தாங்கிப் பிடிப்பது வெளிப்பகுதி. ரத்தச் சர்க்கரையும் ரத்த அழுத்தமும் சரிந்துவிடாமல் காத்து, காய்ச்சல், காயம், அறுவைச் சிகிச்சை போன்ற நெருக்கடிகளில் உடலை நிற்க வைக்கும் கார்ட்டிசோலை அது சுரக்கிறது. உடலில் உப்பு தங்குவதற்கான ஆல்டோஸ்டிரோனும், ஆண் தன்மையுள்ள சில ஹார்மோன்களும் அங்கேதான் உருவாகின்றன. இந்தச் சுரப்பியின் நோய்கள் பல. கார்ட்டிசோல் மிகுந்தால் முகம் உப்பி, தோல் மெலிந்து, தசை வலுவிழக்கும் குஷிங் நோய்க்குறி வரும். காசநோயோ உடலின் தற்காப்பு அமைப்போ சுரப்பியை அழித்தால் அடிசன் நோய். ஆல்டோஸ்டிரோன் மிகுந்தால் மருந்துக்கு எளிதில் அடங்காத ரத்த அழுத்தம். இவை பெரும்பாலும் பெரியவர்களின் நோய்கள். மருத்துவரைத் தேடிப் போகவும், தன் உபாதையைச் சொல்லவும் அவர்களால் முடியும். நான் இங்கே பேசுவது, அழுகையைத் தவிர வேறு மொழியில்லாத பத்து நாள் குழந்தையின் நோயைப் பற்றி.

அதன் பெயர் பிறவி அட்ரினல் மிகைவளர்ச்சி. மருத்துவர்கள் சுருக்கமாக சிஏஎச் என்பார்கள். கார்ட்டிசோலும் ஆல்டோஸ்டிரோனும் உருவாக 21-ஹைட்ராக்சிலேஸ் என்ற நொதி தேவை. இந்த நோயுள்ளவர்களில் தொண்ணூறு விழுக்காட்டுக்கும் மேற்பட்டோரிடம் அந்த நொதிதான் குறைபடுகிறது. கார்ட்டிசோல் வரவில்லையே என்று மூளையின் அடியிலுள்ள பிட்யூட்டரி சுரப்பி மேலும் மேலும் அட்ரினலைத் தூண்டுகிறது. அட்ரினல் பெருத்துக்கொண்டே போகிறது. மதகு அடைபட்ட வாய்க்காலில் தேங்கும் தண்ணீர் பக்கத்து வயலில் பாய்வதைப்போல, கார்ட்டிசோலாக மாற முடியாத மூலப்பொருள்கள் ஆண் ஹார்மோன்களின் பக்கம் திரும்பிவிடுகின்றன. ஆக, ஒரே நொதியின் குறையால் மூன்று கேடுகள்: நெருக்கடியைத் தாங்கும் ஹார்மோன் இல்லை, உப்பைத் தக்கவைக்கும் ஹார்மோன் இல்லை, ஆண் ஹார்மோனோ அளவுக்கு மீறி இருக்கிறது. கடுமையான வகை நோயோடு பிறக்கும் குழந்தைகளில் ஏறத்தாழ முக்கால்வாசிப் பேருக்கு உப்பு சிறுநீரில் வெளியேறிக்கொண்டே இருக்கும்.

ஆண் குழந்தை ஏன் தப்பிவிடுகிறது என்பது இப்போது விளங்கும். பிறக்கும்போது அவன் மற்ற குழந்தைகளைப் போலவே இருக்கிறான். மூன்றாம் நாள் தாயும் சேயும் வீடு திரும்புகிறார்கள். பிறந்த குழந்தை முதல் வாரத்தில் கொஞ்சம் எடை குறைந்து, இரண்டாம் வாரத்தில் அதை ஈடுகட்டிவிடுவது வழக்கம். இந்தக் குழந்தையோ ஈடுகட்டுவதில்லை. பால் குடிக்கச் சோம்புகிறது, வாந்தி எடுக்கிறது, சதா தூங்குகிறது. வீட்டில் ‘சீர் தட்டியிருக்கிறது’, ‘தோஷம்’ என்று சொல்லி மந்திரிக்கக் கூட்டிப்போகிறார்கள். அவர்களைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மருத்துவமனைக்கே கொண்டுபோனாலும் இதைக் கிருமித்தொற்று என்றோ இரைப்பை வாய் அடைப்பு என்றோ எண்ணிவிட நிறைய வாய்ப்பு உண்டு. ரத்தத்தில் சோடியம் குறைந்து, பொட்டாசியம் கூடி, சர்க்கரை இறங்கியிருப்பதைப் பார்த்து, அட்ரினலைச் சந்தேகிக்க ஒருவருக்குத் தோன்ற வேண்டும். தோன்றினால் உப்புக் கரைசலும் ஹைட்ரோகார்ட்டிசோன் ஊசியும் சில மணி நேரத்தில் குழந்தையை மீட்டுவிடும். தோன்றாவிட்டால் இரண்டாம், மூன்றாம் வாரத்துக்குள் எல்லாம் முடிந்துவிடலாம். பெண் குழந்தைக்கு வேறு விதி. கருவிலேயே ஆண் ஹார்மோனின் தாக்கம் ஏற்பட்டதால் அவளது பிறப்புறுப்பின் வெளித்தோற்றம் மாறியிருக்கும். கருப்பையும் சினைப்பைகளும் இயல்பாகவே இருக்கும். அந்த மாற்றம் மருத்துவரை யோசிக்க வைத்து அவளைக் காப்பாற்றுகிறது. மாற்றம் மிகுந்திருந்தால் அவளை ஆண் என்றே பதிவு செய்து அனுப்பிவிடுவதும் நடக்கிறது. 1865-ல் நேப்பிள்ஸ் நகரத்து உடற்கூற்று மருத்துவர் லூயிஜி டி கிரெக்கியோ விவரித்த ஒருவர், வாழ்நாள் முழுதும் ஆணாக வாழ்ந்தவர். இறந்த பிறகு உடலைத் திறந்தபோது கருப்பையும், மிகப் பெருத்த அட்ரினல் சுரப்பிகளும் இருந்தன. மருத்துவ இலக்கியத்தில் இந்த நோயின் முதல் தெளிவான பதிவாக அதைத்தான் கருதுகிறார்கள்.

இது எங்கோ இருக்கும் அபூர்வ நோய், நமக்கென்ன என்று கேட்கலாம். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் ஐந்து நகரங்களில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட பச்சிளம் குழந்தைகளைப் பரிசோதித்து 2018-ல் வெளியிட்ட முடிவு அந்தக் கேள்விக்கான பதிலைத் தருகிறது. உலக அளவில் சுமார் 15,000 குழந்தைகளில் ஒருவருக்கு இந்த நோய் இருப்பதாகச் சொல்வது வழக்கம். அந்த ஆய்வில் ஐந்து நகரங்களையும் சேர்த்துப் பார்த்தால் 5,762 குழந்தைகளில் ஒருவருக்கு இருந்தது. சென்னையில் மட்டும் 2,036-ல் ஒருவருக்கு. ஐந்து நகரங்களில் அதுதான் மிக அதிகம். ஒரே நகரத்தின் மாதிரியை வைத்து மாநிலம் முழுவதற்கும் கணக்குப் போடுவது சரியாகாது. விரிவான பரிசோதனையில் இந்த எண் குறையலாம். குறைவான அளவான 5,762-ஐயே எடுத்துக்கொண்டாலும், ஆண்டுக்கு ஒன்பது லட்சம் குழந்தைகள் அளவில் பிறக்கும் தமிழ்நாட்டில் வருடத்துக்கு நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட குழந்தைகள் இந்த நோயோடு பிறக்கிறார்கள் என்றாகிறது. சென்னையின் அளவே உண்மையென்றால் நானூறைத் தாண்டும்.

இந்த அளவுக்குக் கூடியிருப்பதற்கான ஒரு காரணத்தை நாம் வெளிப்படையாகப் பேசியாக வேண்டும். பழுதுபட்ட மரபணு தாய், தந்தை இருவரிடமிருந்தும் வந்து சேர்ந்தால்தான் குழந்தைக்கு இந்த நோய் வரும். ஒருவரிடமிருந்து மட்டும் வந்தால் குழந்தைக்கு எந்த உபாதையும் இராது; அந்தப் பெற்றோருக்கே தெரியாமல் மரபணு தலைமுறைகளாகப் பயணம் செய்யும். இருவருமே அதைச் சுமப்பவர்களாக இருந்தால் ஒவ்வொரு பேற்றிலும் நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு. அத்தை மகன், மாமன் மகள், தாய்மாமன் என்று சொந்தத்தில் மணக்கும்போது இருவரும் ஒரே மரபணுவைச் சுமக்கும் வாய்ப்பு கூடுகிறது. 2019–21-ல் நடந்த தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டுத் திருமணங்களில் 28 விழுக்காடு சொந்தத்துக்குள் நடந்தவை. நாட்டிலேயே மிக உயர்ந்த அளவுகளில் அது ஒன்று. சொந்தத்தில் மணக்காதீர்கள் என்று மட்டும் சொல்லிவிட்டு அரசு ஒதுங்கிக்கொள்வது எனக்கு ஏற்புடையதன்று. அந்த அறிவுரை அரை நூற்றாண்டுக்கும் மேலாகச் சொல்லப்பட்டு வருகிறது, வழக்கம் மெல்லத்தான் மாறுகிறது. அது மாறும் வரை பிறக்கும் குழந்தை, தன் பெற்றோர் செய்துகொண்ட திருமணத்துக்காக உயிரை விடக் கூடாது. சொந்தமே இல்லாத தம்பதியருக்கும் இந்தக் குழந்தை பிறக்கிறது என்பதையும் மறந்துவிடக் கூடாது.

பரிசோதனை எளிது. குழந்தை பிறந்த இரண்டாம், மூன்றாம் நாளில் குதிகாலில் குத்தி, சில துளி ரத்தத்தை வடிதாளில் உலரவைத்து அனுப்பினால் போதும். அதில் 17-ஹைட்ராக்சிபுரோஜெஸ்டிரோன் என்ற மூலப்பொருள் தேங்கியிருக்கிறதா என்று ஆய்வகம் பார்க்கும். 1977-ல் அமெரிக்காவில் சாங்யா பாங் என்ற மருத்துவரும் அவருடன் பணியாற்றியவர்களும் இந்த முறையை உருவாக்கினார்கள். இன்று அந்நாட்டின் எல்லா மாநிலங்களிலும் இது வழக்கம். நம் பக்கத்தில் கேரளம் அரசு மருத்துவமனைகளில் பரிசோதிக்கும் நான்கு பிறவி நோய்களில் இதுவும் ஒன்று. சிகிச்சையும் புதிதன்று, 1950-ல் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் லாசன் வில்கின்ஸ் கார்ட்டிசோன் கொடுத்து வழிகாட்டினார். உடலில் சுரக்காத ஹார்மோனை மாத்திரையாகக் கொடுப்பதுதான் இன்றும் சிகிச்சை: ஹைட்ரோகார்ட்டிசோன் நாளுக்கு மூன்று வேளை, உப்பு இழப்புள்ள குழந்தைக்கு ஃப்ளூட்ரோகார்ட்டிசோன், கைக்குழந்தைப் பருவத்தில் கூடுதலாகச் சிறிதளவு உப்பு.

எதிர்த்துச் சொல்லப்படுபவற்றில் கனமானது பிரிட்டனின் நிலைப்பாடு. வசதியான நாடு, வலுவான அரசு மருத்துவம். இருந்தும் அங்குள்ள தேசியப் பரிசோதனைக் குழு இந்த நோயைப் பொதுப் பரிசோதனையில் சேர்க்கப் பரிந்துரைக்கவில்லை. பலன் பற்றிய சான்று போதாது, பொய் எச்சரிக்கைகள் அதிகம் என்பவை அதன் முக்கியக் காரணங்கள். பொய் எச்சரிக்கை உண்மையான சிக்கல்தான். குறைமாதத்தில் பிறந்த குழந்தைகளுக்கும் கடும் நோயிலிருக்கும் குழந்தைகளுக்கும் அந்த மூலப்பொருள் இயல்பாகவே கூடியிருக்கும். ‘உங்கள் குழந்தைக்கு நோய் இருக்கலாம்’ என்ற அழைப்பு, பிள்ளை பெற்ற ஒரு வாரத்தில் ஒரு தாயை எப்படி உலுக்கும் என்பதையும் நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் இதற்கு சுவீடனின் அனுபவம் தெளிவான பதில் தருகிறது. அங்கே 1986 முதல் நாடு முழுவதும் பரிசோதிக்கிறார்கள். முதல் 26 ஆண்டுகளில் சுமார் 27 லட்சம் குழந்தைகளைப் பரிசோதித்ததில், உப்பை இழக்கும் கடுமையான வகை ஒன்றுகூடத் தவறவில்லை. நிறைமாதக் குழந்தைகளில் மறுபரிசோதனைக்கு அழைக்கப்பட்ட நால்வரில் ஒருவருக்கு நோய் இருந்தது. குறைமாதக் குழந்தைகளில்தான் நூற்றுக்கு ஒன்றிரண்டாக இறங்கியது. எடைக்கும் பேறுகால வாரத்துக்கும் ஏற்ப அளவுகோலை மாற்றுவதும், சந்தேகம் வரும் மாதிரியை அதே வடிதாளிலிருந்து இன்னும் துல்லியமான முறையில் மறுபடி சோதிப்பதும் இந்தச் சிக்கலைப் பெரிதும் குறைக்கும் வழிகள். மேலும் பிரிட்டனில் நோய் இந்த அளவுக்குப் பரவலில்லை. நோய்வாய்ப்பட்ட பச்சிளம் குழந்தை, குழந்தைகள் நிபுணரின் கைக்குப் போய்ச் சேரும் தூரமும் நேரமும் அங்கு வேறு. அவர்களுடைய கணக்கு அவர்களுக்கு. நம் கணக்கை நம் எண்களைக் கொண்டுதான் போட வேண்டும்.

இன்னொரு கேள்வி முன்னுரிமை பற்றியது. எடைக்குறைவும் தொற்றும் இன்னும் குழந்தைகளைக் கொன்றுகொண்டிருக்கும்போது இந்த நோய்க்கா பணம் என்பார்கள். முப்பது ஆண்டுகளுக்கு முன் கேட்டிருந்தால் நானும் தலையாட்டியிருப்பேன். தமிழ்நாட்டில் 2020-ல் சிசு மரணம் ஆயிரத்துக்கு 13 என்ற அளவுக்கு இறங்கியிருந்தது. பேறுகளில் 99 விழுக்காட்டுக்கு மேல் மருத்துவமனைகளில் நடக்கின்றன. எளிதில் தடுக்கக்கூடிய மரணங்களைத் தடுத்து முடித்த மாநிலத்தில், எஞ்சும் மரணங்களில் பிறவி நோய்களின் பங்கு கூடிக்கொண்டே போகும். செலவையும் தனியாகக் கணக்கிட வேண்டியதில்லை. அதே வடிதாளில், அதே துளியில் பிறவித் தைராய்டு குறைபாட்டையும் பார்க்கலாம். மேலே சொன்ன ஆய்வில் சென்னையில் 727 குழந்தைகளில் ஒருவருக்கு அது இருந்தது. முதல் சில வாரங்களில் மாத்திரை தொடங்கினால் அந்தக் குழந்தை மற்றவர்களைப் போலப் படித்து வளரும். தவறினால் அறிவு வளர்ச்சி நிரந்தரமாகக் குன்றும். அதற்காகக் குத்தும் ஊசியிலேயே இதற்கும் ரத்தம் கிடைத்துவிடுகிறது.

மூன்றாவது தயக்கம் வேறு பக்கத்திலிருந்து வருகிறது, அதை வைப்பவர்களின் அக்கறையை மதிக்கிறேன். பாலின வேறுபாட்டோடு பிறக்கும் குழந்தைகளை ‘திருத்த’ மருத்துவர்கள் கத்தியைத் தூக்கிய வரலாறு நீளமானது. சீக்கிரம் கண்டுபிடித்தால் சீக்கிரம் அறுப்பார்களே என்று அவர்கள் அஞ்சுகிறார்கள். இங்கே தமிழ்நாடு பெருமைப்படத்தக்க ஒன்றைச் செய்திருக்கிறது. 2019 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் வழங்கிய தீர்ப்பைத் தொடர்ந்து, அதே ஆண்டு ஆகஸ்டில் அரசு ஆணை பிறந்தது: உயிருக்கு ஆபத்தான நிலையைத் தவிர, இடைப்பால் குழந்தைகளுக்குப் பாலினத்தை மாற்றியமைக்கும் அறுவைச் சிகிச்சை கூடாது. குதிகால் பரிசோதனை அந்த ஆணைக்கு எந்த விதத்திலும் முரணாகாது. மாத்திரை உயிரைக் காக்கிறது. உடலின் தோற்றம் பற்றிய முடிவு, அந்தக் குழந்தை வளர்ந்து தானே எடுக்கும் வரை காத்திருக்கலாம். நோய் என்னவென்று முதல் வாரத்திலேயே தெரிந்திருந்தால்தான் பெற்றோர் பதறி, கத்தியைத் தேடி ஓடாமல் இருப்பார்கள். ஆண் என்று இனிப்பு கொடுத்த வீட்டில் ‘இது பெண், மருந்து வேண்டும்’ என்று சொல்லும் வேளையில் ஆலோசகர் ஒருவர் கூட இருந்தாக வேண்டும். பெண் சிசுவைக் காக்க 1992-ல் தொட்டில் குழந்தைத் திட்டத்தைத் தொடங்க வேண்டியிருந்த மாநிலம் இது. அந்தச் செய்தி எப்படி, யாரிடம், எவ்வளவு மறைவாகச் சொல்லப்படுகிறது என்பதைப் பொறுத்து ஒரு குழந்தையின் உயிர் இருக்கலாம்.

எனக்கு உண்மையில் கவலை தருவது பரிசோதனைக்குப் பிந்தைய காலம். இந்த மாத்திரை வாழ்நாள் முழுதும் வேண்டும். ‘ஸ்டீராய்டு’ என்ற சொல்லைக் கேட்டதும், குழந்தை நன்றாகத்தானே இருக்கிறது என்று நிறுத்திவிடும் பெற்றோர் உண்டு. நிறுத்தச் சொல்லும் உறவினரும் உண்டு. தேவையில்லாதவருக்கு ஸ்டீராய்டு கொடுப்பதும், உடலில் சுரக்காததை இட்டு நிரப்புவதும் ஒன்றாகா. காய்ச்சல் வந்தால் மாத்திரையின் அளவை இரண்டு, மூன்று மடங்காக்க வேண்டும். வாந்தியில் மாத்திரை தங்காவிட்டால் தாமதமின்றி ஊசி போட வேண்டும். இதை எழுதிய அட்டை ஒன்று குழந்தையோடு எப்போதும் இருக்க வேண்டும். 108 ஆம்புலன்சில் வருபவருக்கும் ஆரம்பச் சுகாதார நிலையச் செவிலியருக்கும் அந்த அட்டையின் பொருள் தெரிந்திருக்க வேண்டும். அளவு குறைந்தால் பருவமடைதல் முந்திவந்து உயரம் நின்றுவிடும், அளவு கூடினாலும் வளர்ச்சி குன்றி உடல் பருக்கும். ஆகவே சில மாதங்களுக்கொரு முறை நிபுணர் பார்த்து அளவைச் சரிசெய்வது அவசியம். குழந்தைக்கேற்ற சிறிய அளவு மாத்திரைகளை ஆண்டு முழுதும் தட்டுப்பாடின்றி வாங்கி வைப்பது தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகத்தால் முடியாத காரியமல்ல. 2021-ல் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ ரத்த அழுத்த மாத்திரைகளை வீட்டுக்கே கொண்டுபோய்க் கொடுக்கிறது. அந்தப் பையில் இந்த மாத்திரைக்கும் இடம் உண்டு.

இன்று ஒரு குழந்தைக்கு இந்தப் பரிசோதனை கிடைப்பதும் கிடைக்காததும் அது எங்கே பிறந்தது, பெற்றோரின் கையில் எவ்வளவு இருந்தது என்பவற்றைப் பொறுத்திருக்கிறது. அதை மாற்றும் அரசாணையில் நாள்கள் எழுதப்பட்டிருக்க வேண்டும். மூன்றாம் நாளுக்குள் ரத்தம் எடுத்தாக வேண்டும். எடுக்காமல் தாயையும் சேயையும் வீட்டுக்கு அனுப்பக் கூடாது. ஏழாம் நாளுக்குள் முடிவு வந்தாக வேண்டும். பத்தாம் நாள் வரும் முடிவு சில குழந்தைகளுக்குத் தாமதமாகிவிடும். சந்தேகம் என்று முடிவு வந்தால் அன்றே பெற்றோரை அழைக்க வேண்டும். அவர்கள் தொலைபேசியை எடுக்காவிட்டால், தாய் வீட்டுக்கோ மாமியார் வீட்டுக்கோ போய்விட்டிருந்தால், அந்தப் பகுதியின் கிராம சுகாதாரச் செவிலியர் நேரில் போக வேண்டும். அரசு மருத்துவமனைக்கும் தனியார் மருத்துவமனைக்கும் இதில் வேறுபாடு கூடாது. எடுத்த மாதிரிகள் எத்தனை, ஏழு நாளுக்குள் முடிவு சொல்லப்பட்டவை எத்தனை, சிகிச்சை தொடங்கிய குழந்தைகள் எத்தனை என்பவை மாவட்டவாரியாக ஆண்டுதோறும் வெளியாக வேண்டும். அழைப்பு போகாமல் ஒரு குழந்தை இறந்தால் அதற்குப் பொறுப்பேற்க வேண்டியவர் யார் என்பதும் அந்த ஆணையிலேயே பதவிப் பெயரோடு இருக்க வேண்டும்.